பன்னிரண்டு நாற்பதுக்கு ஒரு ஸலாம்

நம்பாதவர்கள் நம்ப வேண்டாம். ஆனால் இது நடந்தது. பர்ஹானா கதை கட்டுகிறவள் அல்ல. கறிக்கு உப்புக் கூடிவிட்டால்கூட யாரும் வாய் திறக்கும் முன் தானே சொல்லிவிடுகிறவள். அவள் என்னிடம் சொன்னதை, நேரம் உட்பட, அப்படியே எழுதுகிறேன்.

போன வருஷம் கெலிஓயாவில், மகாவலிக் கரையோரம் ஒரு வாடகை வீட்டுக்கு அவளும் கணவன் ஹில்மியும் ஐந்து மாதக் குழந்தை ஜஹானாவும் குடிவந்தார்கள். ஹில்மிக்குக் கம்பளையில் ஒரு ஹார்ட்வெயார் கடையில் வேலை. இரவு வந்து தலையணையில் தலை வைத்தால் அடித்துப் போட்டது போலத் தூங்குவான். அப்படிப்பட்ட மனுஷன்தான் மூன்றாம் இரவு எழுந்து நடந்தான்.

அவனுடைய குரல் கேட்டுத்தான் பர்ஹானா விழித்தாள். "வஅலைக்குமுஸ்ஸலாம்" என்றான். யாரோ சொன்ன ஸலாத்துக்குப் பதில் சொல்வது போல. மணி 12.40. அவள் விளக்கைப் போடுவதற்குள் கதவைத் திறந்து போய்விட்டான். ஆற்றுக்கு இறங்கும் படியில், முழங்கால் நனைய நின்றான். கண்கள் திறந்திருந்தன. அவளைத்தான் பார்க்கவில்லை. கையைப் பிடித்து மெல்ல அழைத்து வந்தாள்.

காலையில் கேட்டாள். "ராவு எங்க போனீங்க?"

"நான் எங்க போற? படுத்துத்தானே ஈந்தேன்."

போர்வையை விலக்கிக் காட்டினாள். பாதம் முழுக்க ஆற்று மணல்.

அதன் பிறகு ஒரு நாள் விட்டு ஒரு நாள். அதே 12.40. அதே பதில். ஓதிப் பார்த்தார்கள், ஓதிய தண்ணீரும் குடித்தான். நிற்கவில்லை. ஒரு நாள் அவள் அயர்ந்து தூங்கிவிட்டால் மனுஷன் ஆற்றோடு போய்விடுவான். அந்த நினைப்பிலேயே அவளுக்குச் சோறு இறங்காமல் போனது.

கடைசியில் கண்டியில் டாக்டர் துஷானியிடம் போனார்கள். அவர் பொறுமையாக விளக்கினார். இது தூக்கத்தில் நடக்கும் வியாதி. உடம்பு எழும்பிவிடும், மூளையின் ஒரு பகுதி தூங்கிக்கொண்டே இருக்கும். களைப்புக் கூடினால் இதுவும் கூடும். கதவைப் பூட்டிச் சாவியை ஒளித்து வையுங்கள். கதவில் ஒரு மணி கட்டுங்கள். வழமையான நேரத்துக்குக் கால் மணி முன்னால் அவரை எழுப்பி, மறுபடி தூங்க விடுங்கள். எல்லாவற்றையும் ஒரு கொப்பியில் எழுதுங்கள். முடிந்தால் போனில் வீடியோ எடுங்கள்.

"தூக்கத்துல கதைக்கிறதும் இதுல உள்ளதுதான். பயப்படாதீங்க" என்றார்.

பர்ஹானா தலையாட்டினாள். ஆனால் ஒரு கேள்வி அவளை விடவில்லை. தூக்கத்தில் இவர் பதில்தானே சொல்கிறார்... அப்படியென்றால் முதலில் ஸலாம் சொன்னது யார்?

கதவில் மணி கட்டினாள். சாவியை அரிசி வாளிக்குள் ஒளித்தாள். அந்த இடம் அவளுக்கு மட்டும்தான் தெரியும். தினமும் 12.25க்கு ஹில்மியை எழுப்பித் தண்ணீர் கொடுத்தாள். ஏழு இரவுகள் அவன் நடக்கவே இல்லை. ஏழு இரவுகள் அவள் சரியாகத் தூங்கவும் இல்லை.

எட்டாம் இரவு. போன் அலுமாரி மேல் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தது. 12.25க்கு எழுப்பினாள். குடித்தான், படுத்தான். அவள் பிளேன்டீயோடு கதிரையில் இருந்தாள்.

12.39. தவளைச் சத்தம் நின்றது.

12.40.

"அஸ்ஸலாமு அலைக்கும்..."

வாசலுக்கு வெளியே. களைத்துப்போன ஒரு குரல்.

ஸலாம் காதில் விழுந்தால் பதில் சொல்ல வேண்டும். நான்கு வயதில் பழகிய நாக்கு. அது யோசிக்கவில்லை.

"வஅலைக்குமுஸ்ஸலாம்."

சொன்ன பிறகுதான் வாயைப் பொத்திக்கொண்டாள்.

ஒரு சத்தமும் இல்லை...

கதவு பூட்டியே இருந்தது. மணி அசையவில்லை. ஹில்மி குறட்டை விட்டான். விடியலில் ஸுபஹ் பாங்கு கேட்கும்வரை கண்ணை மூடவே இல்லை என்று இன்றைக்கும் சத்தியம் செய்கிறாள்.

அடுத்த கிழமை டாக்டர் அந்த வீடியோவைப் போட்டுப் பார்த்தார். ஹில்மியும் பார்த்தான்.

12.40. வெளியே எந்தக் குரலும் இல்லை. பர்ஹானாவின் பதில் மட்டும் கேட்டது.

12.41. அவள் எழுந்தாள்.

கண்கள் திறந்திருந்தன.

குழந்தையைத் தூக்கினாள்.

அரிசி சரசரக்கும் சத்தம்... பிறகு கதவு மணி... ஒரே ஒரு தடவை.

முப்பத்திரண்டு நிமிஷம் ஹில்மி மட்டும் தூங்கிக்கொண்டிருந்தான்.

1.13. திரும்பி வந்தாள். பிள்ளையைப் படுக்க வைத்தாள். கதிரையில் அமர்ந்தாள்.

"உங்களுக்கும் தூக்கம் போதாது. அதனாலதான்" என்றார் டாக்டர், பர்ஹானாவிடம். மருந்து எழுதித் தந்தார்.

அன்றே கட்டுகஸ்தோட்டைக்கு வீடு மாறினார்கள். இப்போது இரண்டு பேரும் நடப்பதில்லை.

ஒன்றை மட்டும் அவள் டாக்டரிடமும் சொல்லவில்லை, ஹில்மியிடமும் சொல்லவில்லை. எட்டாம் இரவு விடிந்ததும் பிள்ளையைக் குளிப்பாட்டினாள். உள்ளங்கால்களில் ஆற்று மணல். விரிப்பில் ஒட்டியதாக இருக்கும் என்று கழுவிவிட்டாள். வீடியோவைப் பார்த்த பிறகுதான் யோசித்தாள். மணல் வேறெங்கும் இல்லை. உள்ளங்கால்களில் மட்டும், விரல் இடுக்கு வரை, ஈரமாக அப்பியிருந்தது. நடந்து வந்த கால்களில் இருப்பது போல.

ஜஹானாவுக்கு அப்போது தவழக்கூடத் தெரியாது.