உப்புப் போடாத எலுமிச்சை ஐஸ்

மூன்று வருடங்களுக்கு முந்தைய சித்திரை மாதம் அது. கண்டியில் அப்படியொரு வெயிலை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. எங்கள் வீடு கட்டுகஸ்தோட்டையில், ஆற்றோரத்திலிருந்து மேலே ஏறிப்போகும் ஒரு சந்தில் இருக்கிறது. முன்னறை ஜன்னலைத் திறந்தால் மகாவலி தெரியும். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அந்த ஜன்னலைப் பற்றி எனக்குப் பெருமைதான். அந்தச் சித்திரையில்தான் முதன்முதலாக அதைச் சாத்தி வைத்தேன். ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தால் தாகம் கூடுகிறது என்று என் கணவர் சொன்னார்.

அவருக்கு இரண்டு சிறுநீரகமும் வேலை செய்யவில்லை என்று தை மாதம் கண்டுபிடித்திருந்தார்கள். வருடக்கணக்காகக் கவனிக்காமல் விட்ட இரத்த அழுத்தம் செய்த வேலை. வாரத்தில் இரண்டு நாள் ஆஸ்பத்திரிக்குப் போய், இயந்திரத்தில் இரத்தத்தைச் சுத்தம் செய்துகொள்ள வேண்டும். ஊசி, கட்டில், மணிக்கணக்கான காத்திருப்பு எல்லாவற்றுக்கும் நாங்கள் தயாராகித்தான் போனோம். தண்ணீரைப் பற்றி மட்டும் யோசிக்கவில்லை. சிறுநீர் போகாத உடம்பில் குடிக்கிற தண்ணீரெல்லாம் அப்படியே தங்கிவிடும். கூடிப்போனால் நுரையீரலில் ஏறிவிடும். அதனால் ஒரு நாளைக்கு ஒரு சின்னப் போத்தல் தண்ணீர், அவ்வளவுதான். தேநீரும் சொதியும் அதற்குள் அடங்க வேண்டும்.

என் கணவர் நகரத்தில் ஹார்ட்வெயார் கடை வைத்திருந்தவர். வெயிலில் நின்று சீமெந்து மூட்டை இறக்கியவர். செம்பு நிறையத் தண்ணீரை அண்ணாந்து ஊற்றிக்கொள்வதைப் பார்த்தால் நமக்கே தாகம் தீர்ந்த மாதிரி இருக்கும். அப்படிப்பட்டவர் போத்தல் மூடியில் அளந்து அளந்து நாக்கை நனைத்துக்கொண்டிருந்தார். உதடு வெடித்துப்போனது. பேச்சு குறைந்தது. ஒரு நாள் மத்தியானம் நான் கோயிலுக்குப் போய் வருவதற்குள், குளியலறைக் குழாயில் வாயை வைத்துக் குடித்துவிட்டார். மறுநாள் விடியும்போது படுக்க முடியவில்லை. உட்கார்ந்தபடியே மூச்சுக்குத் தவித்தார். அம்பியூலன்ஸில் கொண்டுபோய்க் காப்பாற்றினோம்.

வீட்டுக்கு வந்த பிறகு அவரே என்னைக் கூப்பிட்டார்.

"நீ வெளிய போனா மெயின் வால்வ மூடிட்டுப் போ. எனக்கு என் மேல நம்பிக்கை இல்ல."

நான் மாட்டேன் என்றேன். அவர் என் முகத்தைப் பார்க்காமல், "மூடிட்டுப் போம்மா," என்றார் மறுபடியும். அன்றிலிருந்து கடைக்குப் போனாலும் வால்வை மூடிவிட்டுத்தான் போனேன். திரும்பி வந்து அதைத் திறக்கும்போது, உள்ளே குழாயில் காற்று இழுத்துச் சீறும் சத்தம் கேட்கும். அவருக்கும் அது கேட்கும்.

அந்த நாட்களில்தான் ஆஸ்பத்திரியில் அந்த அக்கா தங்கை இருவரையும் பார்த்தோம். கெலிஓயாவிலிருந்து வருகிற முஸ்லிம் குடும்பம். அக்காவுக்குத்தான் சிகிச்சை. ஐம்பது வயதைத் தாண்டியவர். நல்ல உயரம், அதட்டலான குரல். பக்கத்துக் கட்டிலில் யார் இருந்தாலும் தம்பி, தங்கச்சி என்று முறை வைத்து, அதட்டி, சிரிக்கவைத்துவிடுவார். தங்கை அதற்கு நேர்மாறு. ஊரில் பாலர் பாடசாலையில் படிப்பிக்கிறவர். அக்காவை 'ராத்தா' என்று அழைத்து, அவர் கேட்பதற்கு முன்பே எல்லாவற்றையும் எடுத்துக் கொடுப்பார். அக்காவுக்குக் கல்யாணமே ஆகவில்லையாம். தாயும் தகப்பனும் போன பிறகு தங்கையை வளர்த்து ஆளாக்கியவர் அவர்தான்.

ஒரு நாள் சிகிச்சை முடிகிற நேரம். தங்கை தன் பையிலிருந்து வாய் அகன்ற பிளாஸ்க் ஒன்றை எடுத்துத் திறந்தார். உள்ளே வெள்ளையாக, துருவிய தேங்காய்ப்பூ மாதிரி ஏதோ இருந்தது. எலுமிச்சை வாசனை வார்டு முழுக்க வந்தது. அக்கா ஒரு கரண்டி வாயில் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு என் கணவர் பார்ப்பதைப் பார்த்துவிட்டார்.

"தம்பிக்கும் ஒரு கரண்டி குடு," என்றார் தங்கையிடம். பிறகு என் கணவரிடம், "கடிக்கப்படாது. கடிச்சா உடனே முடிஞ்சிரும். நாக்குக்கு அடியில வெச்சிட்டுப் பேசாம இருங்க," என்றார்.

அவர் அப்படியே செய்தார். கண் கலங்கிவிட்டது. புளிப்பினால்தான் என்று நினைத்தேன். இல்லை, வாயில் எச்சில் ஊறியதாம். எச்சில் எப்படி இருக்கும் என்பதே மறந்துபோயிருந்தது என்று வரும் வழியில் பஸ்ஸில் சொன்னார்.

நான் வீட்டுக்கு வந்ததும் செய்து பார்த்தேன். பெரிய வித்தையா இது என்ற நினைப்பு. எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து, சீனியும் தண்ணீரும் கலந்து, ஐஸ்கிரீம் வாங்கிய பழைய பெட்டியில் ஊற்றி ஃப்ரீசரில் வைத்தேன். எலுமிச்சைத் தண்ணீர் என்றால் கை தானாக உப்பைத் தேடும் இல்லையா, ஒரு சிட்டிகை உப்பும் போட்டுவிட்டேன். காலையில் பார்த்தால் செங்கல் மாதிரி இறுகியிருந்தது. கத்தியால் குத்தி உடைத்துக் கொடுத்தேன். அவர் நன்றாக இருக்கிறது என்று சொல்லிச் சாப்பிட்டார். அன்று மத்தியானத்துக்குப் பிறகு அவருக்கு வந்த தாகத்தைப் பார்க்க முடியவில்லை. சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அடுத்த முறை போனபோது அக்காவிடம் சொன்னேன். அவர் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"உப்பையா போட்டீங்க? தாகத்துக்கு உப்புத் தின்னக் குடுத்த முதல் ஆள் நீங்கதான்."

வார்டே சிரித்தது. நானும் சிரித்தேன், ஆனால் அழுகை வந்துவிட்டது. தங்கை என்னை வராந்தாவுக்கு அழைத்துப்போய் ஆறுதலாக ஒவ்வொன்றாகச் சொன்னார். முதலில் சீனியைத் தண்ணீரில் காய்ச்சி நன்றாக ஆறவிட வேண்டும். எலுமிச்சையை அவர் தேசிக்காய் என்றுதான் சொல்வார். அதன் மேல்தோலில் பச்சையை மட்டும் மெல்லத் துருவிப் போட வேண்டும். உள்ளே இருக்கும் வெள்ளை பட்டால் கசந்துவிடும். சாற்றை ஒரேயடியாக உறையவிடக் கூடாது. ஓரம் இறுகத் தொடங்கும்போது முள்ளுக்கரண்டியால் கீறிவிட வேண்டும். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும், மறுபடியும். அப்போதுதான் பூப்பூவாக வரும். ஒரு கரண்டி வெகுநேரம் நிற்கும். இதையும் தண்ணீர்க் கணக்கில் சேர்த்துக்கொள்ள வேண்டும், நர்ஸ் மிஸ்ஸிடமும் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள் என்றார்.

ஆரஞ்சுத் தோடம்பழத்தில் செய்தால் இன்னும் இனிப்பாக இருக்குமே என்று நான் கேட்டேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தோடம்பழம் மட்டும் வேணாம். அதுல பொட்டாசியம் கூட. ஒருக்கா ராத்தாக்கு நான் குடுத்துட்டேன். நெஞ்சு நிக்கப் போய்த்தான் திரும்பி வந்தாங்க."

அதற்குப் பிறகு அந்த வருடம் முழுக்க எங்கள் வீட்டில் ஒரு பெட்டி எலுமிச்சை ஐஸ் இருந்தது. சந்தோஷம் வந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். நோய் அதன் பாட்டில் போய்க்கொண்டிருந்தது. கடையை அவருடைய தம்பியிடம் விட்டோம். என் கணவர் மெலிந்துகொண்டே போனார். ஆனால் பின்னேரங்களில் அடுப்படியில் நான் ஐஸைக் கீறும் சத்தம் கேட்டால் எழுந்து வந்து கதிரையில் உட்கார்ந்துகொள்வார். ஒரு கரண்டி. பேசாமல் இருப்போம். முன்னறை ஜன்னலை அவரே ஒரு நாள் திறந்துவிட்டார். வால்வை மூடுவதும் எப்போது நின்றது என்று ஞாபகமில்லை.

ஐப்பசி மழையில் ஒரு நாள் அந்த அக்காவின் கட்டில் காலியாக இருந்தது. பாதையில் எங்கோ மண் சரிந்து பஸ் வரவில்லையாக்கும் என்று நினைத்தோம். அடுத்த தடவை அந்தக் கட்டிலில் வேறொருவர் படுத்திருந்தார். நாங்கள் யாரிடமும் கேட்கவில்லை. அந்த வார்டில் யாரும் அதைக் கேட்க மாட்டார்கள்.

அதற்கடுத்த வாரம், என் கணவருக்கு ஊசி ஏற்றி இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தபோது, தங்கை வாசலில் வந்து நின்றார். தனியாக. முக்காட்டிலிருந்து மழைத்தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. மடியோடு அணைத்தபடி ஒரு துவாய் மூட்டை வைத்திருந்தார். எங்களைப் பார்த்ததும் நேராக வந்தார்.

"ராத்தா மவுத்தாகிட்டாங்க," என்றார். முந்தின வாரம் வெள்ளிக்கிழமை சுபஹு தொழுகை நேரம், தூக்கத்திலேயே உயிர் போய்விட்டதாம். அன்றைக்கே அடக்கம் செய்துவிட்டார்களாம்.

அவர் துவாயைப் பிரித்தார். உள்ளே பேப்பர், அதற்குள் பிளாஸ்டிக் பெட்டி, அதற்குள் எலுமிச்சை ஐஸ். ஓரமெல்லாம் கரைந்து நடுவில் மட்டும் வெள்ளையாக மிதந்தது.

"மவுத்தாக முந்தின நாள் ராத்தாக்குச் செஞ்சது. அன்னைக்குத்தான் கீறிக் கீறி நல்லா வந்திச்சு. ஃப்ரீசரைத் தொறந்தா அதுதான் முன்னுக்கு இரிக்குது. தின்னவும் ஏலல்ல, வீசவும் ஏலல்ல. அண்ணன் சாப்புட்டா..." பெட்டியை என் பக்கம் நீட்டினார்.

உண்மையைச் சொல்கிறேன், என் கை நீளவில்லை. எங்கள் குடும்பத்தில் சாவு வீட்டிலிருந்து எதையும் வாங்கிச் சாப்பிடமாட்டோம். அதிலும் இறந்துபோனவருக்கென்று செய்து வைத்தது. அதிலும் அதே நோயோடு படுத்திருக்கும் என் புருஷனுக்கு. அவரை ஏதோ வந்து தொடப்போகிறது என்று எனக்குப் பயமாக இருந்தது. பெட்டியைப் பார்த்தபடி நின்றேன். தங்கையும் என் முகத்தைப் பார்த்துவிட்டார் என்று நினைக்கிறேன். பெட்டியை மெதுவாகத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

அப்போது என் கணவர் ஊசி இல்லாத கையை நீட்டினார்.

"குடும்மா தங்கச்சி. காலையிலேருந்து தண்ணி குடிக்கல."

தங்கை கரண்டியால் நடுவிலிருந்து அள்ளி, பக்கத்தில் வந்து நின்று, தானே ஊட்டினார். என் கணவர் கடிக்கவில்லை. அக்கா சொல்லிக்கொடுத்த மாதிரியே நாக்குக்கு அடியில் வைத்துக்கொண்டு கண்ணை மூடினார். நாங்கள் இரண்டு பேரும் அவர் தொண்டையைப் பார்த்துக்கொண்டு நின்றோம். வெகுநேரம் கழித்து அவர் கண்ணைத் திறந்தார்.

"புளிப்பு கொஞ்சம் கூட."

தங்கையின் முகம் கோணிக்கொண்டு போனது. "ராத்தாவும் எப்பவும் அதத்தான் சொல்லுவாங்க," என்று சொல்லிவிட்டு, சுவரோரம் இருந்த கதிரையில் உட்கார்ந்து, முக்காட்டை வாயில் அடைத்துக்கொண்டு அழுதார். அடக்கம் நடந்த அன்று அழுகையே வரவில்லையாம். வந்தவர்களுக்குத் தேநீர் ஊற்றிக் கொடுப்பதிலேயே நாள் போய்விட்டதாம். நான் பக்கத்தில் போய் அவர் தலையை என் மேல் சாய்த்துக்கொண்டேன். ஈரம் என் சேலையில் ஏறியது. மிஸ் வந்து பார்த்துவிட்டு, திரைத்துணியை இழுத்துவிட்டுப் போனார்.

மிச்சமிருந்ததில் ஒரு கரண்டி நான் எடுத்தேன். ஒரு கரண்டியைத் தங்கைக்குக் கொடுத்தேன். முதலில் தலையை ஆட்டி மறுத்தார். பிறகு வாயைத் திறந்தார். அக்காவுக்காக எத்தனையோ தடவை அதைச் செய்திருக்கிறார். தாகத்தோடு இருப்பவருக்கு முன்னால் எப்படிச் சாப்பிடுவது என்று, தான் ஒரு நாளும் வாயில் வைத்ததில்லையாம்.

பெட்டியைக் குழாயில் கழுவித் துடைத்து, துவாயில் சுற்றி எடுத்துக்கொண்டு, "போயிட்டு வாறேன்" என்று சொல்லிவிட்டு மழையில் இறங்கிப் போனார். அதன்பிறகு அவரை நாங்கள் பார்க்கவில்லை. அந்த ஆஸ்பத்திரிக்கு அவர் இனி எதற்கு வர வேண்டும்?

என் கணவர் இன்னும் வாரத்தில் இரண்டு நாள் போய்க்கொண்டிருக்கிறார். சிறுநீரகம் கிடைக்கும் என்ற பேச்சை இருவருமே விட்டுவிட்டோம். வார்டில் நாங்கள்தான் இப்போது பழையவர்கள். புதிதாக வருகிறவர்களின் மனைவிமார் தாகத்துக்கு என்ன செய்வது என்று என்னிடம்தான் கேட்கிறார்கள். நானும் வராந்தாவுக்கு அழைத்துப்போய்ச் சொல்லிக்கொடுக்கிறேன். ஒவ்வொரு பின்னேரமும் பெட்டியை மூடி ஃப்ரீசருக்குள் வைக்கும்போது, என்றாவது ஒரு நாள் எங்கள் வீட்டிலும் ஒரு பெட்டி மிஞ்சும் என்பது எனக்குத் தெரியும். அன்றைக்கு அதை எடுத்துக்கொண்டு பஸ் ஏறி, தாகத்தோடு இருக்கும் வேறு யாரிடமாவது போய் நிற்கும் மனம் எனக்கும் வாய்க்க வேண்டும் என்பது மட்டுமே, இப்போது என் வேண்டுதலாக இருக்கிறது.