டிரம்முக்குள் போன பொன்னாடை

நான் மைக்செட் வாடகைக்கு விடுகிறவன். திருநகர்க் கல்யாண மண்டபத்தில் ஒரு பகல் கல்யாணக் கச்சேரியில் அந்த ராக் பாடகியைப் பார்த்தேன். பெயர் கேட்கவில்லை. சித்திரை வெயிலிலும் கறுப்பு நைலான் ஜெர்கின், கீழே வேண்டுமென்றே அங்கங்கே கிழித்துவிட்ட நீள நைலான் காலுறை. ஒவ்வொரு பாட்டுக்கு முன்னாலும் ஜிப்பைக் கழுத்துவரை இழுத்துவிட்டுக்கொள்வாள்.

இரண்டாவது பாட்டு முடிந்ததும் மண்டப மேனேஜர் பளபளக்கும் பொன்னாடையோடு மேடையேறினார். கௌரவிக்கிறாராம். தோளில் போர்த்திவிட்டுச் சொன்னார்:

"இத இடுப்புல கட்டிக்கம்மா. காலு தெரியுது. குடும்பம் வார இடம்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. போன முகூர்த்தத்தில் இதே மேடையில் சட்டையைக் கழற்றிச் சுழற்றி ஆடிய மாப்பிள்ளைத் தோழர்களுக்கு விசிலடித்த ஆள் இவர்.

அவள் மைக்கை இறக்கவே இல்லை.

"அண்ணே, இதுவும் நைலான்தான். நான் போட்டா அசிங்கம், நீங்க போத்துனா மரியாதையா?"

மண்டபம் முழுக்கக் கேட்டது. மேனேஜர் என் பக்கம் திரும்பி, "மைக்க அமத்துயா!" என்று கத்தினார். நான் சத்தத்தை இன்னும் கூட்டினேன்.

பெரிய டிரம் அதிர்ந்து இரையாமலிருக்க, முன்பக்க ஓட்டை வழியாக உள்ளே பழைய போர்வையைத் திணிப்பார்கள். அன்று அதை மறந்துவிட்டு வந்திருந்தார்கள். அவள் பொன்னாடையைச் சுருட்டி டிரம்முக்குள் திணித்தாள். "இப்ப அடி மாப்ள" என்றாள் டிரம்மரிடம்.

அந்த மண்டபத்தில் பிறகு என்னைக் கூப்பிடவே இல்லை. போகட்டும். எத்தனையோ மேடைகளில் பொன்னாடை போர்த்தப் பார்த்திருக்கிறேன். ஒரு வேலைக்கு உதவியது அன்றைக்குத்தான்.