நாற்பது நிமிட மலை

என் தங்கை தேவிப்ரியா படம் எடுக்கிறாள் என்றால் உடனே, "ஹீரோ யாரு?" என்பார்கள். அவள் முதல் படத்தின் ஹீரோ ஒரு மல்லாட்டை, அதான் வேர்க்கடலை, உடைக்கிற மிஷின். அடுத்த படம் முழுக்க டீக்கடை வடிகட்டிகள். வசனமும் கிடையாது, பாட்டும் கிடையாது. சென்னையில் ஓவியம் படித்தவள். வரைவதைவிட கேமராவில் பிடிப்பது ருசித்துவிட்டது. வெளிநாட்டில் எல்லாம் திரையிட்டுக் கைதட்டினார்கள். கீழ்பென்னாத்தூரில் எங்கள் அப்பா ஆதிமூலத்துக்குத்தான் அதை யாருக்கும் விளக்கத் தெரியவில்லை. "சின்னப் பொண்ணு என்ன பண்றா?" என்று கேட்டால், ஏதோ வியாதியைச் சொல்வதுபோல, "கேமரா வச்சிருக்கா" என்பார்.

மூன்றாவது படத்துக்குத் திருவண்ணாமலை மலையையே பிடித்துக்கொண்டாள். மலையைச் சுற்றும் பாதையில் இருக்கிற அடி அண்ணாமலை கிராமத்தில் ஒரு மொட்டைமாடி, ஒரே கோணம், ஒரு வருஷம். மேகம் வரும், போகும். மழை பெய்யும், ஓயும். நாற்பது நிமிடமும் மலைதான்.

"தீபத்தன்னிக்கு எடுத்தியாடி?" என்று கேட்டேன்.

"அன்னிக்குதான் ஊரே எடுக்குதே. நான் லீவு விட்டுட்டேன்க்கா."

இவளை என்ன செய்வது, சொல்லுங்கள்!

அப்பாவுக்குப் பொறுமை போய்விட்டது. "அந்த ஊர்லயே போட்டுக் காட்டு. ஒரு ஆளாவது கடைசி வரைக்கும் உக்காந்து பாத்தா உன் வழிக்கே வரல. இல்லன்னா பிரகாஷ் ஸ்டூடியோவுல கல்யாண வீடியோ வேலைக்குப் போயிடணும்" என்றார். இவளும் ரோஷக்காரி, சரி என்றுவிட்டாள்.

நான் தையற்கடைக்காரி. வேட்டிகளை இணைத்துத் திரை தைத்துக் கொடுத்தேன். அடி அண்ணாமலையில் ஒரு தெருமுனைக் காலிமனையில் இரண்டு கம்பம் நட்டுக் கட்டினோம். நல்ல கூட்டம். திரையில் மலை வந்தது. கொஞ்ச நேரத்தில் முன்வரிசையில் ஓர் அம்மா எழுந்து செருப்பைக் கழற்றினார். பின்னாலேயே இன்னும் நாலு பேர் எழுந்தார்கள்.

"போச்சுடா" என்றேன். தங்கை என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

ஆனால் ஒருவரும் வீட்டுக்குப் போகவில்லை. கன்னத்தில் போட்டுக்கொண்டு திரையைச் சுற்றி வலம் வர ஆரம்பித்தார்கள்! கண்ணெதிரே மலை நின்றால் இந்த ஊர்க்காரர்களுக்கு உட்காரத் தெரியுமா? அவர்கள் நிழல்கள் மலையடிவாரத்தில் வரிசையாக நடந்து போயின. ஐயோ, அந்த அழகு! எடுத்தவளே வாயைப் பிளந்துகொண்டு பார்த்தாள். ஆனால் கூட்டமே எழுந்து போய் நாற்காலிகள் காலி. பந்தயம்?

திரும்பிப் பார்த்தேன். அப்பா மட்டும் உட்கார்ந்திருந்தார். ஒரு பௌர்ணமி தவறாமல் கிரிவலம் போகிற மனுஷன். செருப்பைக் கழற்றியாகிவிட்டது, கால் தரையில் நிற்கவில்லை.

"வாங்க பெரியவரே, சுத்திட்டு வரலாம்" என்று கூப்பிட்டார் ஒருவர்.

"நீங்க போங்க. நான் வரல" என்றார் அப்பா. நாற்காலியின் கைகளைப் பிடித்தபடி, திரை வெறும் வெள்ளையாகும்வரை அசையவில்லை.

பிறகு தங்கையைக் கூப்பிட்டார். "பாத்துக்கம்மா, நான் உக்காந்துதான் இருந்தேன். பந்தயத்துல நீதான் ஜெயிச்ச."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நானும்தான்.

"அழுதுனு நிக்காத. இன்னொரு வாட்டி போடு" என்று எழுந்தார். "நான் இன்னும் சுத்தல."