பூநாரையின் சொந்தம்

இரண்டு வருடங்களுக்கு முன், நோன்பு தொடங்க ஒரு மாதம் இருக்கும்போது கண்டி வாவிக் கரையில் நடந்தது இது. நான் மடவளையில் ஒரு பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பிக்கிறேன். கண்காட்சிக்காக வரையக் கொடுத்திருந்த பறவைச் சார்ட்டை கண்டிக்குப் போய் வாங்கிக்கொண்டு, தூறல் விட்டதும் ஒரு வாங்கில் உட்கார்ந்து விரித்துப் பார்த்தேன். மலையிலிருந்து இறங்கிய பனியில் எது வானம், எது வாவி என்றே தெரியாத பின்னேரம். அந்த வெள்ளைக்குள் பூநாரையின் ரோஜா நிறம் மட்டும் தனியே மிதந்தது.

பக்கத்தில் இருந்த ஒரு அக்கா எட்டிப் பார்த்து, டீச்சரா என்று கேட்டார். மன்னார்க்காரர். கணவருக்கு ஆஸ்பத்திரியில் ஆபரேஷனாம். நோயாளியைப் பார்க்க விடும் நேரம் வரும்வரை தினமும் இங்கேதான் இருக்கிறாராம்.

"இது எங்கட பக்கம் கூட்டமா வாறது. ஏன் டீச்சர் நாரையளோட போட்டிருக்கிறீங்கள்?"

"பேரிலேயே நாரை இருக்குதானே அக்கா."

"நாரை மீனைக் கொத்தித் தூக்கும். இது தலையைக் கவிழ்த்து வைச்சுத் தண்ணியை அரிக்கும். ரெண்டும் வேற வேற."

"நீங்க கண்ணால பார்க்கிறது வேற, படிப்பு வேற" என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டேன். அவர் தண்ணீர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

பஸ்ஸில் வரும் வழியெல்லாம் அந்த முகம்தான். வீட்டுக்கு வந்து தேடி வாசித்தேன். நீண்ட காலைப் பார்த்து முன்பு நாரையோடு சேர்த்திருக்கிறார்கள். சவ்வுப் பாதத்தைப் பார்த்து வாத்தோடு சேர்த்தவர்களும் உண்டு. கடைசியில் மரபணுவைப் பார்த்தால், மிக நெருங்கிய சொந்தம் முக்குளிப்பானாம்! அக்கா சொன்னதுதான் சரி.

அடுத்த நாள் பாடசாலை விட்டதும் நேரே வாவிக்கு ஓடினேன். ஊருக்குப் போயிருப்பாரோ என்று பயம். நல்லவேளை, இருந்தார். மன்னிப்புக் கேட்டுவிட்டு, வாசித்ததைச் சொன்னேன்.

"முக்குளிப்பானோ? அது எப்பிடி இருக்கும்?"

வாவியைத் துழாவினேன். வெகுநேரத்துக்குப் பிறகு பனிக்குள்ளிருந்து கைப்பிடி அளவில் ஒரு மண்ணிறப் பறவை மேலே வந்தது. கையைக் காட்டுவதற்குள் அமிழ்ந்து, வேறோர் இடத்தில் எழும்பியது.

"இந்தக் குட்டியோ! எங்கட பூநாரைக்குச் சொந்தமோ!" வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "இவருக்குப் போய்ச் சொல்லவேணும் டீச்சர். மயக்கம் தெளிஞ்சதில இருந்து ஊரைப் பற்றித்தான் கேட்டுக்கொண்டிருக்கிறார்."

அந்தப் பறவை மூழ்குவதையும் எழும்புவதையும் பார்த்தபடி இருவரும் வெகுநேரம் இருந்தோம். பிறகு அவர் சேலையைச் சரிசெய்துகொண்டு, வேகமாக ஆஸ்பத்திரிப் பக்கம் நடந்தார்.

சார்ட்டைத் திருத்தித்தான் கண்காட்சியில் வைத்தேன். இப்போதெல்லாம் வகுப்பில் ஒரு பிள்ளை புத்தகத்தில் இல்லாத பதிலைச் சொன்னால், 'பிழை' என்று சொல்லும் முன் 'எங்கே பார்த்தீங்க?' என்று கேட்கிறேன். இத்தனை வருடம் படிப்பித்தும் அந்த ஒரு கேள்வி எனக்குத் தெரியாமலே இருந்திருக்கிறது.