பென்சில் குறி இல்லாத தாள்

என் மகளோடு சேர்ந்து போராடிய பிள்ளைகள் புத்தகம் போடுகிறார்கள். அவளைப் பற்றி ஒரு பக்கம் கேட்டார்கள். எழுதத் தெரியாதவனில்லை நான். மூன்றாம் வகுப்பு, அதிலும் பாதி நாள் மட்டம். ஆனாலும் இங்கே தராசு ரிப்பேர் என்றால் என் கடைதான். கையெழுத்துப் போட்டு அடியில் இரண்டு கோடு இழுத்தால் பட்டதாரி என்றே நினைப்பார்கள்.

வாசிப்பதுதான் தகராறு. ஒருமுறை அவசரத்தில் கையெழுத்திட்டதில், என் கடையை மூட நானே விண்ணப்பித்ததாக ஆகிவிட்டது. அன்றிலிருந்து தாள்களை மகள் வாசிப்பாள். சரியென்றால் கையெழுத்திடும் இடத்தில் பென்சிலால் சின்னக் குறி வைப்பாள். குறி இல்லாவிட்டால் பேனாவைத் தொட மாட்டேன்.

பெரிய தராசுகளைச் சோதிக்க அவளையே ஏற்றி நிறுத்துவேன். ஐம்பத்தொரு கிலோ. விருந்துக்குப் போய் வந்தால், "இன்னிக்கு அரை கிலோ கழிச்சுக்கங்கப்பா" என்பாள்.

ஆட்சியில் இருப்பவர் நான்காம் முறையாகத் தேர்தலைத் தள்ளிவைத்தார். இவள் ஊர்வலத்துக்குப் போகச் செருப்பை மாட்டினாள்.

"கவர்மெண்டையே ரிப்பேர் பண்ணப் போறியா? நீ யாரு?"

"உங்க பொண்ணு. வேற யாரு பண்ணுவா?"

உள்ளுக்குள் பெருமைதான். காட்டிக்கொள்ளவில்லை.

அன்று மாலை நான்கு மணிக்குப் பாலத்தருகே ஊர்வலத்தில் அவளையும் சுட்டார்கள். வயது இருபத்திரண்டு.

ஆஸ்பத்திரியில் அதிகாரி தாளை நீட்டினார். "வழக்கமான தாள்தான், பெரியவரே. கையெழுத்து போட்டா பாடியை இப்பவே எடுத்துட்டுப் போகலாம்."

திருப்பித் திருப்பிப் பார்த்தேன்.

"பென்சில் குறி இல்லையே."

"என்ன குறி?"

"எம்பொண்ணு வைப்பா."

"அவங்கதான் இறந்துட்டாங்களே."

"அதனாலதான் போட முடியாது."

என் மச்சான் வாங்கி வாசித்தார். மாடிப்படியில் தவறி விழுந்து மரணம். எங்கள் வீட்டுக்கு மாடியே கிடையாது.

ஒன்பது நாள் போனேன், அதே தாள். இதற்குள் கையெழுத்துப் போடாத குடும்பங்கள் வராந்தாவில் பதினான்கு சேர்ந்துவிட்டன. தொடங்கி வைத்தவன் நான்தான். அதைச் சொல்லிக்கொள்வதில் வெட்கமில்லை.

பத்தாம் நாள் புதுத் தாள் வந்தது. துப்பாக்கிக் குண்டுக் காயம் என்று இருந்தது. மச்சானை மூன்று தடவை வாசிக்க வைத்தேன்.

அதிகாரியிடம் பென்சில் கேட்டேன். குறியை நானே வைத்தேன். கொஞ்சம் கோணல். அதன் மேல் கையெழுத்திட்டு, அடியில் இரண்டு கோடும் இழுத்தேன்.