மாலை போட்டவர் வயிற்றில் நீர்

கார்த்திகை பிறந்துவிட்டால் எங்கள் போடி ஆஸ்பத்திரி ஓ.பி.யில் பாதிப் பேர் சாமிகள்தான். கழுத்தில் மாலை, இடுப்பில் கறுப்பு வேட்டி, காலில் செருப்பில்லாமல் வரிசையில் நிற்பார்கள். மாலை போட்டவரை யாராக இருந்தாலும் ‘சாமி’ என்றுதான் கூப்பிட வேண்டும். பெண்டாட்டிக்கும் அதே சட்டம், நர்சாக இருந்த எனக்கும் அதே சட்டம். “சாமி, திரும்பிப் படுங்க” என்று சொல்லி இடுப்பில் ஊசி போடும்போது எனக்குச் சிரிப்பை அடக்குவது பெரும்பாடு.

செல்லப்பாண்டி வந்த அன்று எனக்குச் சிரிப்பு வரவில்லை. பக்கத்து ஊரான சிலமலைக்காரர். மலைமேல் ஒரு எஸ்டேட்டில் ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரில் வேலை. வாரம் முழுக்க மேலேயே தங்கிவிட்டு ஞாயிற்றுக்கிழமை மட்டும் வீட்டுக்கு வருவார். அவரை ஜீப்பிலிருந்து இரண்டு பேர் தாங்கி இறக்கினார்கள். முகம் ஒட்டிப்போய், கண்ணில் லேசாக மஞ்சள் பூத்து, வயிறு மட்டும் பானையாகப் பெருத்திருந்தது. பின்னாலேயே அவர் மனைவி பேச்சியம்மாள் அழுகையும் ஏச்சுமாக வந்தாள்.

“சாமி குடிச்சிருக்கு சிஸ்டர்! மாலையப் போட்டுக்கிட்டு மேல குடிச்சிருக்கு! எங்கண்ணனும் இப்பிடித்தான் வயிறு ஊதிச் செத்தான். எனக்குத் தெரியாதா?”

அந்தக் கோபத்திலும் ‘சாமி’யை விடவில்லை பாருங்கள். ஜீப்பில் வந்தவர்களிடமும் இதையேதான் வழிநெடுகச் சொல்லியிருக்கிறாள்.

டாக்டரம்மா கட்டிலருகே வந்து கேட்டார். “குடிப்பீங்களா சாமி?”

“விட்டு மூணு வருசம் ஆச்சும்மா. மாலை போட்டுத்தான் விட்டேன்.”

“பொய்!” என்றாள் பேச்சியம்மாள்.

அவளைச் சொல்லியும் குற்றமில்லை. வயிற்றில் நீர் கோத்து வருகிற ஆண்களில் முக்கால்வாசிப் பேர் குடித்துக் கல்லீரலைக் கெடுத்துக்கொண்டவர்கள் என்பதுதான் எங்கள் ஊர் அனுபவம். வார்டில் எல்லோரும் அப்படித்தான் முடிவு கட்டியிருந்தோம்.

ஸ்கேன் பார்த்தோம். வயிறு நிறைய நீர். பித்தப்பையில் கல், அதன் சுவரும் தடித்திருந்தது. ‘அப்படியென்றால் கோளாறு பித்தப்பையில்தான்’ என்று நான் சொன்னேன். டாக்டரம்மா தலையாட்டவில்லை.

“கல்லீரல் கெட்டு நீர் கோத்தாலும் பித்தப்பைச் சுவர் தடிச்சுத்தான் தெரியும் சிஸ்டர். பித்தப்பை ஓட்டையாகி உள்ள ஒழுகினாலும் வயித்துல நீர் கோக்கும். எது முந்தினதுன்னு இந்தப் படத்தை வச்சுச் சொல்ல முடியாது” என்றார். பிறகு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டார். ஓ.பி. நிரம்பி வழிகிற நேரத்தில் அவர் அப்படி உட்கார்ந்ததே எனக்கு ஆச்சரியம்.

“மொதல்ல வலி இருந்துச்சா? இருந்தா எப்ப நின்னுச்சு?”

செல்லப்பாண்டி முகம் மலர்ந்தது. “ஐயப்பன் நிப்பாட்டினாரும்மா” என்றார்.

ஒரு பூஜையில் அன்னதானம். நெய்ச்சோறும் வடையுமாக நன்றாகச் சாப்பிட்டிருக்கிறார். அன்றைக்கே வலது விலாவுக்குக் கீழே வலி பிடித்துக்கொண்டது. விரதத்தில் வந்த வாயு என்று சோடா குடித்திருக்கிறார். மறுநாளும் விடவில்லை. அதற்கடுத்த நாள் பஜனையில் சரணம் சொல்லிக்கொண்டிருக்கும்போதே வலி சட்டென்று நின்றுவிட்டது. சாமி தீர்த்துவைத்தார் என்று தேங்காய் உடைத்துவிட்டு ஸ்டோருக்குப் போயிருக்கிறார்.

“அப்புறம் வயிறு பெருத்துச்சே, ஏன் வரல?” என்று கேட்டேன்.

“வயிறு பெருத்தா மேல என்ன சொல்வாங்கன்னு தெரியாதா சிஸ்டர்? துண்ட இறுக்கிக் கட்டிக்கிட்டுச் சோலியப் பாத்தேன்.”

டாக்டரம்மா வயிற்றில் ஊசி விட்டு நீரை எடுத்தார். அப்படி நீர் எடுக்கும்போது எத்தனையோ தடவை கூட நின்றிருக்கிறேன். வழக்கமாக வெளிர் மஞ்சளாக வரும். சிரிஞ்சில் ஏறியது கரும்பச்சை.

“இது பித்தநீர். கல்லு அடைச்சு, பை வீங்கி, ஓட்டை விழுந்திருக்கு. உள்ள இருந்த அழுத்தம் இறங்கினதாலதான் அன்னைக்கு வலி நின்னுருக்கு” என்றார் டாக்டரம்மா. “லேப்ல உறுதி பண்ணிக்கலாம். ஆனா உடனே மதுரை போகணும். ஆபரேசன் பண்ணியாகணும். தாமதிச்சா உசிருக்கு ஆபத்து.”

பேச்சியம்மாள் சிரிஞ்சையே பார்த்துக்கொண்டு நின்றாள். செல்லப்பாண்டியோ ஒரே பிடிவாதமாக மாட்டேன் என்றார்.

“சபரிமலைக்குப் போகாம, பாதியில மாலையக் கழட்டினா எஸ்டேட்டே என்ன பேசும்? குடிச்சு மாட்டிக்கிட்டான்னுதான பேசும்? போனா உசிர் போகட்டும்.”

எனக்குக் கோபம் தலைக்கேறியது. நாலு வார்த்தை கேட்கலாம் என்று வாயைத் திறப்பதற்குள் பேச்சியம்மாள் போனை எடுத்து எஸ்டேட் கங்காணிக்குப் போட்டுவிட்டாள். வார்டே திரும்பிப் பார்க்கிற குரல்.

“அண்ணே, பேச்சி பேசுறேன். எங்க சாமி குடிக்கல. நாந்தான் தப்பாப் பேசிட்டேன். பித்தப்பை ஓட்டையாகி ஒழுகுதாம். டாக்டரம்மா கண்ணு முன்னால எடுத்துக் காட்டிட்டாக. மேல அம்புட்டுப் பேருகிட்டயும் சொல்லிருங்க. எவனாச்சும் மாத்திப் பேசுனா நான் ஜீப்பேறி வருவேன்!”

செல்லப்பாண்டி முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். அழுகிறார் என்று தோள் குலுங்கியதில் தெரிந்தது.

அவருக்கு மாலை போட்டுவிட்ட குருசாமி போடியிலேயே இருந்தார். தகவல் போனதும் ஆட்டோ பிடித்து வெரசாக வந்து சேர்ந்தார். “உசிரக் காப்பாத்தக் கழட்டுறதுல குத்தமில்ல அப்பு” என்று சொல்லித் தன் கையாலேயே மாலையைக் கழற்றி வாங்கிக்கொண்டார். அதற்குப் பிறகுதான் பேச்சியம்மாள் புருஷன் கையைப் பிடித்தாள். “மாமா, ஆம்புலன்சு வந்துருச்சு. பயப்படாம வாங்க” என்றாள்.

மதுரையில் நீரை வடித்து, பித்தப்பையை எடுத்தார்கள். கல்லீரலில் கோளாறு எதுவும் இல்லை. தையல் பிரிக்க எங்களிடம் வந்தபோது வயிறு தட்டையாக இருந்தது. ஆளும் தெளிந்திருந்தார்.

இளைய நர்சுகளுக்குச் சொல்கிறேன். குடிப்பீர்களா என்று கேட்பது தப்பில்லை, கேட்டே ஆக வேண்டும். அந்தப் பதிலோடு காதை மூடிக்கொள்ளாதீர்கள். மருந்தில்லாமல் சட்டென்று நின்ற வலியை விசாரிக்காமல் விடாதீர்கள்.

தையல் பிரித்த அன்றைக்கே ஓ.பி.யில் இன்னொரு பெண், வயிறு ஊதிய தன் புருஷனைச் சபித்துக்கொண்டிருந்தாள். வீட்டுக்குக் கிளம்பிய பேச்சியம்மாள் அவளருகில் போய் நின்றாள்.

“ஆத்தா, வையிறத அப்புறம் வச்சுக்க. வலி இருந்துச்சா, எப்ப நின்னுச்சுன்னு மொதல்ல கேளு.”

அந்த ஆள் உண்மையிலேயே குடிகாரர்தான். ஆனாலும் அந்தப் பெண் ஏசுவதை நிறுத்திவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டாள். அவரும் அன்றைக்குத்தான் முதல்முறையாக வாயைத் திறந்து எவ்வளவு குடிக்கிறார் என்ற உண்மையைச் சொன்னார்.