மாமா போட்ட அடுத்த பந்து

என் மாமா, அம்மாவின் தம்பி, ஒரு காலத்தில் மாநிலத்துக்காகப் பந்து வீசியவர். முட்டி போனதும் ஆட்டத்தை விட்டுவிட்டு விருத்தாசலத்துக்கே திரும்பி, பீங்கான் கம்பெனியில் சுடாத பொம்மைகளைச் சூளைக்கு அடுக்கும் வேலையில் சேர்ந்தார். ஆனால் டிவி அவரை விடவில்லை. பெயர் பெற்ற ஆட்டக்காரர் ஒருவரைப் பற்றிப் பேசும்போதெல்லாம் அவர் அடித்த ஒரு சிக்ஸரைக் காட்டுவார்கள். அந்தப் பந்தைப் போட்டவர் மாமா.

அம்மாவுக்குக் கிரிக்கெட் தெரியாது. தம்பியின் முகம் தெரிந்ததும் டிவி கண்ணாடியை இரண்டு கைகளாலும் வழித்து, நெற்றிப்பொட்டில் வைத்து நெட்டி முறித்துத் திருஷ்டி கழிப்பாள். மாமா எழுந்து வெளியே போய்விடுவார்.

கால் நொண்டுகிறது என்று இரண்டு இடத்தில் பெண் தர மறுத்துவிட்டார்கள். கருவேப்பிலங்குறிச்சியிலிருந்து ஓர் இடம் வந்தபோது, வரும் ஞாயிற்றுக்கிழமை பழைய ஆட்டங்களைக் காட்டப் போவதாக டிவியில் சொன்னார்கள். அம்மா பெண் வீட்டாரை அந்த நேரத்துக்கே வரச் சொல்லிவிட்டாள்.

"வேணாம்க்கா," என்றார் மாமா.

"சும்மா இருடா. நம்ம வூட்டுப் புள்ள டிவில வருதுன்னா லேசா?"

வந்தார்கள். காபி குடித்தார்கள். மாமாவும் டிவியில் வந்தார். நல்ல கால்களோடு ஓடி வந்து போட்டார். பந்து ஆகாயத்துக்குப் போயிற்று. கூட்டம் எழுந்து கத்தியது. அம்மா நெட்டி முறித்தாள்.

பெண்ணின் சித்தப்பா சிரித்தேவிட்டார். "ஏங்க, மாப்ள அடி வாங்குறத பாக்கவா பஸ்ஸு புடிச்சி வந்தோம்?"

"எந்தம்பி போட்டாத்தானங்க அவரு அடிக்க முடியும்?" என்றாள் அம்மா.

இந்த இடமும் போயிற்று என்று நினைத்தேன். மாமா அன்று மட்டும் வெளியே போகாமல் உட்கார்ந்திருந்தார். பெண்ணின் அப்பா வெற்றிலையை மடித்தபடியே கேட்டார்:

"அப்பறம் என்னாச்சு தம்பி?"

"பந்த வாங்கிட்டுப் போயி அடுத்ததப் போட்டேங்க."

"அது?"

"அது ஃபோருங்க."

"அதுக்கு அடுத்தது?"

"அதையும் போட்டேங்க."

அவர் மாமாவைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு வெற்றிலையை வாயில் போட்டுக்கொண்டு, "தட்டு மாத்திக்கலாம்," என்றார்.

அவுட்டாக்கினேன் என்று மாமா ஒரு பொய் சொல்லியிருந்தால் யாருக்குத் தெரியும் என்று வெகுநாள் எனக்கு வருத்தம். பெரியவர் இரக்கப்பட்டுத்தான் பெண் கொடுத்தார் என்றே நினைத்திருந்தேன்.

மாமா போன மாதம் காலமானார். காரியம் முடிந்ததும், அன்று தட்டு மாற்றி வந்த அத்தை, என் மகளின் போனில் அந்த ஆட்டத்தைப் போடச் சொன்னாள். நாங்கள் எல்லோரும் பந்தைப் பார்த்தோம். அத்தை பார்க்கவில்லை. ஓரத்தில் சின்னதாகத் தெரிந்த மாமாவை விரலால் தொட்டாள். அவர் கையைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டு, பந்து வீசும் இடத்துக்குத் திரும்பி நடந்துகொண்டிருந்தார்.

"தோ பாரு, போறாரு, அடுத்தது போட," என்றாள்.

படம் அதோடு முடிந்துவிடுகிறது. அந்தப் பெரியவர் அன்று எதைப் பார்த்தார் என்று, டிவிக்கு அத்தனை அருகில் உட்கார்ந்திருந்தும், எனக்கு இத்தனை நாள் தெரியவில்லை.